24 வயதும் இரண்டு தீர்ப்புகளும்

ஹாதியா வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 2018 மார்ச் 8 அன்று தன் முடிவையும், ஏப்ரல் 9 அன்று அதற்கான காரணங்களையும் வெளியிட்டது. அவ்வேளையில் நம்மவர் பலரும் அதனை மார்க்கத்துக்குக் கிடைத்த வெற்றியாகவே கொண்டாடினர். ஆனால் அத்தீர்ப்பை முழுமையாக வாசித்தோர் நம்மில் மிகச் சிலரே. அது ரத்துச் செய்த கேரள உயர் நீதிமன்றத் தீர்ப்பை வாசித்தோர் அவரினும் சிலர். மதறஸாவில் ஒரு மத்னைக் கையில் எடுத்தால், இச்சொல் ஏன் இங்கு வந்தது, இது இல்லாவிடில் பொருள் என்னவாகும் என்று கேட்டுக் கேட்டே நாம் பாடம் நடத்துகிறோம். இவ்விரு தீர்ப்புகளையும் அவ்வாறே ஒருமுறை வாசித்துப் பார்ப்பது தகும் என்று கருதுகிறோம். வெற்றி எதற்குக் கிடைத்தது என்பதும் அப்போதுதான் துலங்கும்.

முதலில் பெயரைப் பற்றி ஒரு சொல். நெடிலோடு 'ஹாதியா' என்றால் வழிகாட்டுபவள். குறிலோடு 'ஹதிய்யா' என்றால் அன்பளிப்பு. மூலம் ஒன்றே ஆயினும் பொருள் வேறு. அன்பளிப்பை ஒருவர் கொடுக்க, மற்றொருவர் பெற்றுக்கொள்வார். தமிழ் எழுத்தில் இவ்விரண்டும் மயங்கி வந்தபோதெல்லாம், இவ்வழக்கின் சாரமே அந்த ஒற்றை நெடிலில் அடங்கியிருப்பதாக நமக்குத் தோன்றிற்று.

ஆட்கொணர்வு மனு எளியதொரு கருவி. ஒருவர் சட்டத்துக்குப் புறம்பாகத் தடுத்து வைக்கப்பட்டிருக்கிறார் என்று எவரேனும் முறையிட்டால், அவரை நேரில் கொணர்ந்து நிறுத்துமாறு நீதிமன்றம் ஆணையிடும். அரசியல் சாசனத்தின் 226-ஆம் பிரிவு உயர் நீதிமன்றங்களுக்கும், 32-ஆம் பிரிவு உச்ச நீதிமன்றத்துக்கும் இவ்வதிகாரத்தை அளிக்கின்றன. நீதிமன்றம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: இவரை யாரேனும், சட்டத்தின் ஆதாரமின்றி, இவர் விருப்பத்துக்கு மாறாக வைத்திருக்கின்றனரா? ஆம் எனில் விடுவிக்க வேண்டும். இல்லையெனில் மனு முடிந்தது.

தடா, பொடா காலங்களைக் கடந்து வந்த நம் சமுதாயம் இம்மனுவை அரசுக்கெதிரான கேடயமாகவே அறிந்திருக்கிறது. நெருக்கடி நிலையின்போது, 1976 ஏப்ரல் 28 அன்று, உச்ச நீதிமன்ற நீதிபதிகள் ஐவரில் நால்வர் அக்கேடயத்தைக் கைவிட்டனர். நீதிபதி எச்.ஆர். கன்னா ஒருவரே மாறுபட்டு நின்றார். அத்தீர்ப்பு தவறென்று அறிவித்து நீக்கப்படுவதற்கு 2017 ஆகஸ்ட் 24 வரை, அந்தரங்க உரிமை வழக்கு வரை, காத்திருக்க நேர்ந்தது. ஆனால் இதே மனு அரசை நோக்கி மட்டுமன்றி வீட்டை நோக்கியும் ஏவப்படுகிறது. மகளைக் காணவில்லை என்று தந்தை வருகிறார். மனைவியை அவள் பெற்றோர் அடைத்து வைத்துள்ளனர் என்று கணவன் வருகிறான். தந்தை கேட்பது "மீட்டுத் தாருங்கள்" என்று. சட்டமோ "விடுவியுங்கள்" என்று மட்டுமே சொல்ல வல்லது. இவ்விரு சொற்களுக்கும் இடையிலுள்ள தொலைவை மறந்தால் என்ன நேரும் என்பதற்குக் கேரள உயர் நீதிமன்றத்தின் 2017-ஆம் ஆண்டுத் தீர்ப்பே சான்று.

இவ்விடத்தில் நம் எழுத்தாளர் சிலருக்கு ஒரு பழக்கம் உண்டு. நபி (ஸல்) அவர்கள் குத்பா நிகழ்த்திக் கொண்டிருக்கையில் ஒருவர் எழுந்து, தம் அண்டை வீட்டார் எதற்காகப் பிடிக்கப்பட்டனர் என்று கேட்டார். அண்ணலார் இருமுறை முகம் திருப்பிக் கொண்டபின், அவர்களை விட்டுவிடுமாறு பணித்தார்கள். இச்செய்தி அபூதாவூதில் உள்ளது. இதனைச் சுட்டி, ஆட்கொணர்வு மனுவை இஸ்லாம் 1400 ஆண்டுகளுக்கு முன்பே தந்துவிட்டது என்று எழுதிவிடுகின்றனர். காரணம் காட்டப்படாத தடுப்பு நில்லாது என்னும் நெறி அங்கு இருப்பது உண்மை. ஆனால் அந்நெறியை எவரும் எந்நேரமும் இயக்கக் கூடிய நடைமுறையாகக் கட்டியெழுப்பியது 1679-இல் இங்கிலாந்து இயற்றியது போன்ற சட்டங்கள்தாம். நெறி நம்மிடம் இருந்தும் நடைமுறையை ஏன் நாம் கட்டவில்லை என்று கேட்பதே ஆய்வுக்குரிய கேள்வி. பெருமை பேசுவதால் அக்கேள்விக்கு விடை கிடைப்பதில்லை.

இனி வழக்கின் வரலாறு. வைக்கத்தைச் சேர்ந்த ஓர் இளம்பெண் சேலத்தில் ஹோமியோபதி மருத்துவம் பயின்று வருகையில் இஸ்லாத்தை ஏற்றார். தந்தை 2016 ஜனவரியில் ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்தார். அப்பெண்ணை விசாரித்த கேரள உயர் நீதிமன்றம், அவர் எவருடைய சட்டவிரோதத் தடுப்பிலும் இல்லை என்று கண்டு மனுவை முடித்தது. அதே ஆண்டு ஆகஸ்டில், மகள் சிரியாவுக்குக் கொண்டு செல்லப்படக் கூடும் என்ற அச்சத்துடன் தந்தை மீண்டும் வந்தார். அம்மனு நிலுவையில் இருக்கையில், டிசம்பர் 19 அன்று ஹாதியாவின் நிகாஹ் நடந்தது. இரு நாட்களுக்குப்பின் கணவருடன் நீதிமன்றம் வந்த அவரை, நீதிமன்றம் எர்ணாகுளத்து விடுதி ஒன்றுக்கு அனுப்பியது. அங்கே கைப்பேசியும் மறுக்கப்பட்டது. 2017 மே 24 அன்று நீதிபதிகள் கே. சுரேந்திர மோகன், ஆபிரகாம் மாத்யூ ஆகியோர் திருமணம் செல்லாது என்று அறிவித்து, அவரைத் தந்தையின் பொறுப்பில் ஒப்படைத்தனர். அப்போது அவருக்கு வயது 24.

அத்தீர்ப்பின் சொற்களை நோக்குவோம். ஹாதியாவை அது 'தடுத்து வைக்கப்பட்டவர்' என்று பொருள்படும் சொல்லால் குறிக்கிறது. இவ்வகை மனுக்களில் வழங்கும் வழக்கச் சொல்தான். ஆயினும் தம்மை யாரும் தடுத்து வைக்கவில்லை என்று ஒருவர் நேரில் நின்று சொன்ன பிறகும் அச்சொல்லே தொடர்கையில், விளைவதையே எழுவாயாக வைத்து எழுதிய கதையாகி விடுகிறது. அடுத்து, 24 வயதுப் பெண் பலவீனமானவள், பலவாறும் சுரண்டப்படக் கூடியவள் என்னும் பொருள்பட ஒரு பொதுவிதி வருகிறது. குறிப்பிட்ட இப்பெண் ஏமாற்றப்பட்டார் என்று சான்று காட்டி வந்த முடிவன்று அது. வயதும் பாலினமும் மட்டுமே அங்குச் சான்று. மூன்றாவதாக, மணமாகாத மகள் முறைப்படி மணம் செய்விக்கப்படும் வரை பெற்றோர் பொறுப்பில் இருப்பதே இந்திய மரபு என்ற கூற்று. எந்த மரபு, யார் அறிவித்தது, எந்நூலில்? ஸனது இல்லாத அறிவிப்பைக் கொண்டுவரும் மாணவனை நாம் வகுப்பில் அமரச் சொல்லிவிடுவோம். ஓர் உயர் நீதிமன்றம் ஸனது இன்றி மரபைக் கூறி, அதன்மேல் ஒரு மனிதரின் சுதந்திரத்தை நிறுத்தி வைத்தது.

இவையனைத்துக்கும் அடித்தளமாக நீதிபதிகள் கொண்டது, தம்மைத் தாமே காக்க இயலாதோருக்கு அரசே பெற்றோர் என்னும் பழைய கோட்பாடு. சிறார்க்கும் சித்தம் கலங்கியோர்க்கும் உரிய கோட்பாடு அது. மருத்துவப் படிப்பை முடிக்கும் நிலையிலிருந்த, தெளிவாகப் பேசிய, தம் நிலையை எழுத்திலும் தந்த ஒருவரை அக்கோட்பாட்டுக்குள் கொண்டுவர வேண்டுமெனில், அவரை முதலில் சிறுமியாக்க வேண்டும். தீர்ப்பு அதைத்தான் செய்தது. கதவைத் திறப்பதற்கென்று உண்டாக்கப்பட்ட ஆணை கதவைப் பூட்டும் சாவியாயிற்று.

நீதிபதிகளின் அச்சத்தை முற்றிலும் புறந்தள்ளிவிடவும் இயலாது. கேரளத்து இளைஞர் சிலர் ஆப்கானிஸ்தானுக்குச் சென்று பயங்கரவாத அமைப்பில் சேர்ந்த செய்தி வெளிவந்தது 2016-இல்தான். ஒரு தந்தைக்கு அச்சம் வராதிருந்தால்தான் வியப்பு. ஆனால் அச்சத்தை விசாரிக்கக் குற்றவியல் சட்டம் இருக்கிறது. குற்றம் செய்யக் கூடியவர் என்று எவர்மேல் ஐயமோ அவரை விசாரிக்கலாம். ஐயத்தின் பெயரால், குற்றம் ஏதும் சாட்டப்படாத ஒருவரைப் பூட்டி வைக்க வழியில்லை.

இங்கே நம் அரபிக் கல்லூரிகளில் ஆண்டுதோறும் ஓதிக்கொடுக்கும் 'அல்ஹிதாயா'வின் 'கிதாபுல் ஹஜ்ர்' நினைவுக்கு வராமல் போகாது. ஹஜ்ர் என்பது ஒருவரின் கொடுக்கல் வாங்கலைச் செல்லாததாக்கித் தடை விதித்தல். சிறுவருக்கும் பைத்தியத்துக்கும் அது உண்டு. வயது வந்த, அறிவுள்ள, ஆனால் தன் செல்வத்தை வீணடிக்கும் ஸஃபீஹுக்கு உண்டா? இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் இல்லை என்கிறார்கள். அவர்கள் தரப்பு வாதம் நம் சிந்தனைக்குரியது. ஒருவனின் சொல்லுக்கு மதிப்பில்லை என்று அறிவிப்பது அவனுடைய மனிதத்தன்மையையே செல்லாததாக்கி, அவனை விலங்கோடு சேர்ப்பதாகும். செல்வம் அழிவது அதைவிடச் சிறிய தீங்கு. சிறிய தீங்கைத் தடுக்கப் பெரிய தீங்கை ஏற்கலாகாது. ஆயினும் பொறுப்புணர்வு தென்படாத இளைஞனிடம் அவன் செல்வத்தை 25 வயது வரை ஒப்படைக்காமல் வைத்திருக்கலாம் என்பார்கள். அதற்குமேல் கூடாது. கணக்கும் சுவையானது: 12 வயதில் பருவமடைந்து, குறைந்த கர்ப்ப காலமான ஆறு மாதத்தில் மகவு பெற்று, அம்மகவும் அவ்வாறே பெற்றால், 25-ஆம் வயதில் ஒருவன் பாட்டனாகிவிடக் கூடும். பாட்டனாகக் கூடியவனை ஒழுக்கம் கற்பிக்கவென்று தடுத்து வைப்பதா?

24 வயதுப் பெண்ணுக்கு அந்தக் கணக்குப்படி இன்னும் ஓராண்டு குறைகிறதே என்று எவரேனும் கேட்கலாம். கேட்கட்டும். அந்த ஓராண்டிலும் அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் நிறுத்தி வைப்பது பணப்பையை மட்டுமே. ஆளை அன்று. அதனினும் முக்கியமானது, அவர்களுடைய மாணவர்களான இமாம் அபூயூஸுஃப் (ரஹ்), இமாம் முஹம்மது (ரஹ்) ஆகியோரின் கருத்து. அவ்விருவரும் ஆசிரியருடன் முரண்பட்டு, ஸஃபீஹுக்குத் தடை விதிக்கலாம் என்றனர். பிற்கால ஃபத்வாவும் அவர்கள் பக்கமே. ஆனால் அவ்விருவரும்கூட, அவ்வாறு தடைசெய்யப்பட்டவர் செய்துகொள்ளும் நிகாஹ் செல்லும் என்கின்றனர். மஹர் தொகை மட்டும் வழக்கமான அளவை மீறலாகாது. விற்பனைப் பத்திரத்தைத் தடுத்தவர்கள் திருமணத்தைத் தடுக்கவில்லை. ஹிஜ்ரி இரண்டாம் நூற்றாண்டில் கூஃபாவில் ஊதாரி ஒருவனுக்கு இருந்த இடம், 2017-இல் கொச்சியில் ஒரு மருத்துவ மாணவிக்கு இல்லாமற் போயிற்று.

(அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் மூவருக்கு மட்டும் தடை விதிக்கலாம் என்றதாகவும் நூல்களில் வருகிறது: அறியாத மருத்துவர், வாடகை வாங்கிக்கொண்டு ஏமாற்றும் வக்கற்ற வண்டிக்காரர், தந்திரங்களைக் கற்றுத்தரும் வெட்கங்கெட்ட முஃப்தி. மூன்றாமவரைப் பற்றி நம் காலத்தில் ஏன் எவரும் பேசுவதில்லை என்று கேட்க மாட்டோம்.)

உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்கு வருவோம். தலைமை நீதிபதி தீபக் மிஸ்ரா தமக்கும் நீதிபதி கான்வில்கருக்குமாக எழுத, நீதிபதி டி.ஒய். சந்திரசூட் தனியே உடன்பட்டு எழுதினார். ஆட்கொணர்வு மனுவின் எல்லை எது, அதில் திருமணத்தை ரத்துச் செய்ய உயர் நீதிமன்றத்துக்கு வழியில்லை, வயது வந்தவரின் தேர்வுக்கு நீதிமன்றம் மேற்பாதுகாவலர் அன்று என்பவற்றை மறுக்கவியலாதவாறு அது நிலைநாட்டுகிறது. நம்பிக்கையைத் தேர்வதும் துணையைத் தேர்வதும் ஒரு மனிதரின் உள்ளியல்பைச் சார்ந்தவை என்ற பகுதி, சட்டம் பயிலாதோரும் வாசிக்கத் தக்கது.

ஆயினும் குறைகள் உண்டு. நீதிபதி சந்திரசூட் முஸ்லிம் திருமணம் செல்லுபடியாவதற்கான நிபந்தனைகளை வரிசைப்படுத்தும் இடத்தில், இருவரும் இஸ்லாத்தைச் சேர்ந்தவராயிருத்தல் என்பதை முதலாவதாகக் கூறுகிறார். வேதக்காரப் பெண்ணை முஸ்லிம் ஆண் மணப்பதற்குக் குர்ஆனின் ஐந்தாம் அத்தியாயம் அளிக்கும் அனுமதி அங்கு விடுபட்டது. அதனினும் நோக்கத் தக்கது, வலீ என்ற சொல்லே அவ்வரிசையில் இல்லாதது. ஹனஃபி மத்ஹபுப்படி அது பொருந்தும். ஆனால் வழக்கு கேரளத்தினுடையது. அங்குள்ள முஸ்லிம்களில் பெரும்பாலோர் ஷாஃபிஈகள். அம்மத்ஹபில் வலீ நிகாஹின் ருக்னுகளில் ஒன்று. இஸ்லாத்தை ஏற்ற பெண்ணுக்கு முஸ்லிமல்லாத தந்தை வலீ ஆகார், முஸ்லிம் உறவினர் இல்லாதபோது காழியே வலீ என்ற விளக்கத்தால் அதே முடிவுக்கு வந்திருக்கலாம். முடிவு சரி, வழி குறுகல்.

இது வெறும் நுணுக்கம் பார்ப்பதன்று. நாளை ஷாஃபிஈ தந்தை ஒருவர் வந்து, நானில்லாமல் நடந்த நிகாஹ் செல்லாது, ஆகவே மகளைத் தாருங்கள் என்றால் என் செய்வது? இத்தீர்ப்பின் உண்மையான வலிமை இங்கேதான் தெரிகிறது. நிகாஹ் செல்லுமா என்பது வேறு மன்றத்தின் கேள்வி. அது செல்லாது என்றே வைத்துக்கொண்டாலும், அதனால் அந்த 'ஆகவே' பிறப்பதில்லை. 2018 ஏப்ரல் 20 அன்று, இதே கேரளத்திலிருந்து வந்த இன்னொரு வழக்கில், மணமகனுக்கு 21 வயது நிரம்பாத நிலையிலும், வயது வந்த பெண் தான் விரும்பிய இடத்தில் வாழலாம் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. நிகாஹின்றி வாழ்வதை மார்க்கம் ஏற்காது. ஆனால் ஏற்காத ஒன்றைப் பாவம் என்று சொல்வதற்கும் அதற்காக ஒருவரைப் பூட்டி வைப்பதற்கும் இடையே பெரிய இடைவெளி இருக்கிறது.

உச்ச நீதிமன்றத்தின் மற்றொரு குறை காலத்தைப் பற்றியது. 2017 ஆகஸ்ட் 16 அன்று தேசியப் புலனாய்வு முகமையை விசாரிக்கப் பணித்த அந்நீதிமன்றம், ஹாதியாவை நேரில் கேட்டது நவம்பர் 27 அன்று. எது வேண்டும் என்று கேட்டபோது சுதந்திரம் வேண்டும் என்றார். அன்று கிடைத்தது தந்தை வீட்டிலிருந்து சேலத்துக் கல்லூரி விடுதி. முழு விடுதலைக்கு மார்ச் வரை காத்திருக்க நேர்ந்தது. தந்தையின் காவலில் அவர் இழந்த மாதங்களைத் திருப்பித் தர இயலாது என்று நீதிபதி சந்திரசூட் எழுதுகிறார். உண்மை. அம்மாதங்களில் தம் நீதிமன்றத்தின் பங்கு எத்தனை என்பதைத் தீர்ப்பு கணக்கிடவில்லை.

இதுவரை எழுதியது நம் வாசகர் பலருக்கு உவப்பாகவே இருந்திருக்கும். இனி, பெயர்களை மாற்றிப் போட்டு அதே தீர்ப்பை வாசிப்போம். தந்தை ஒரு ஜமாஅத்தின் முத்தவல்லி. மகளுக்கு வயது 24. அவள் தானே தேர்ந்த ஒருவருடன் சென்றுவிட்டாள். அல்லது, அல்லாஹ் காப்பானாக, மார்க்கத்தையே விட்டுச் சென்றுவிட்டாள். மதுரைக் கிளையிலோ சென்னையிலோ ஆட்கொணர்வு மனு தாக்கலாகிறது. நீதிபதி அவளைக் கேட்கிறார். அவள் தன் விருப்பத்தின்படி வந்தேன் என்கிறாள். ஹாதியாவை விடுவித்த அதே வரிகள் அவளையும் விடுவிக்கும். 21-ஆம் பிரிவும் 25-ஆம் பிரிவும் வாசலில் பெயர் கேட்பதில்லை. மார்ச் 8-இன் மகிழ்ச்சி அந்நாளிலும் நம்மிடம் எஞ்சுமா?

நம்மிடம் இத்தகைய விவகாரங்களைக் கொண்டுவரும் ஜமாஅத்தார் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்வி: அந்த நிகாஹ் செல்லுமா, செல்லாதா? செல்லாது என்று எழுதித் தந்தால் அதைக் கொண்டு பெண்ணை அழைத்து வந்துவிடலாம் என்ற எண்ணம். அவள் என்ன சொல்கிறாள் என்று நாம் கேட்டால், அவளுக்கு என்ன தெரியும் என்பர். கேரள நீதிபதிகள் ஆங்கிலத்தில் எழுதியதும் இதுவே.

ஃபுகஹாக்கள் இவ்வளவு அலட்சியமாக இருந்ததில்லை. கன்னிப்பெண்ணின் மௌனமே சம்மதம் என்ற ஹதீஸை நாம் அடிக்கடி ஓதுகிறோம். அது வெட்கத்தால் பேச முடியாதவளுக்கு அளித்த சலுகை. பேச வருபவளின் வாயை மூடுவதற்கன்று. ஹனஃபி நூல்களை விரித்துப் பார்த்தால், அவள் சிரித்தால் சம்மதம், ஏளனமாகச் சிரித்தால் சம்மதமன்று, குரலெடுத்து அழுதால் மறுப்பு என்றெல்லாம் எழுதி வைத்திருக்கின்றனர். ஒரு பெண்ணின் முகத்தை அவ்வளவு கூர்ந்து பார்த்தவர்கள் அவர்கள். இன்று வக்கீலும் இரு சாட்சிகளும் மணமகள் வீட்டுக்குப் போய்க் கேட்டுவரும் சடங்கில், திரைக்கு உள்ளிருந்து பெரியம்மாவின் குரலே பதில் சொல்கிறது. தஃப்தரில் சம்மதம் பதிவாகிறது.

தந்தை மணமுடித்து வைத்ததை விரும்பாத கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களின் நிகாஹை அண்ணலார் ரத்துச் செய்ததும், தம் சகோதரியை முன்னைய கணவரிடம் திரும்ப விடாமல் தடுத்த மஃகில் பின் யஸார் (ரலி) அவர்களின் நிகழ்ச்சியையொட்டி 'பகரா' அத்தியாயத்தின் 232-ஆம் வசனம் இறங்கியதும் புகாரியில் உள்ளன. வலீயை ருக்னாக்கிய ஷாஃபிஈ மத்ஹபிலும், தகுந்த மணமகனைக் காரணமின்றி மறுக்கும் வலீயிடமிருந்து அப்பொறுப்பைக் காழி எடுத்துக்கொள்வார். அச்செயலுக்கு 'அழ்ல்' என்ற தனிப்பெயரே உண்டு. வெளிப்படையான பகைமை கொண்ட தந்தைக்கு மகளைக் கட்டாயமாக மணமுடிக்கும் அதிகாரமும் இல்லை. எனினும் மறுபக்கத்தையும் சொல்லியாக வேண்டும். அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் அளித்த சுதந்திரத்தைப் பிற்கால ஹனஃபிகள் 'கஃபாஅத்' என்ற பொருத்தத்தின் பெயரால் வெகுவாகச் சுருக்கினர். ஹஸன் பின் ஸியாத் (ரஹ்) அவர்களின் அறிவிப்பை வைத்து, பொருத்தமில்லாத நிகாஹ் நிகழவேயில்லை என்று ஃபத்வா தந்தனர். தமிழகத்தில் அப்பொருத்தம் ராவுத்தர், லெப்பை, மரைக்காயர், தக்கினி என்னும் வேலிகளாக உருக்கொண்டதை நாம் அறிவோம். சாதி இல்லை என்று மேடையில் சொல்லிவிட்டு, கஃபாஅத் என்று கிதாபில் காட்டுகிறோம்.

அப்படியாயின் பெற்றோருக்குச் சொல்லேதும் இல்லையா? உண்டு. அதன் அளவைப் பரீரா (ரலி) அவர்களின் நிகழ்ச்சி காட்டுகிறது. அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட அவர், கணவர் முகீதை விட்டுப் பிரிந்தார். முகீத் மதீனத்துத் தெருக்களில் அவர் பின்னே கண்ணீர் தாடியில் வழிய நடந்ததை இப்னு அப்பாஸ் (ரலி) அறிவிக்கிறார்கள். மனம் இரங்கிய அண்ணலார், அவரிடம் திரும்பிச் செல்லலாமே என்றார்கள். இது கட்டளையா என்று பரீரா (ரலி) கேட்டார். இல்லை, பரிந்துரைதான் என்ற பதில் வந்தது. அப்படியாயின் தமக்கு அவர் தேவையில்லை என்றார். அதன்பின் எவரும் அவரை வற்புறுத்தவில்லை. நபி (ஸல்) அவர்களின் பரிந்துரையையே மறுக்க ஒரு பெண்ணுக்கு இடமிருந்தது. பெற்றோரின் கண்ணீரும், ஆலிம்களின் உபதேசமும், ஜமாஅத்தின் சமரச முயற்சியும் பரிந்துரை என்ற அளவில் நிற்கும்வரை மார்க்கத்துக்கு உட்பட்டவை. 2024 மார்ச் 11 அன்று, கேரளத்திலிருந்து வந்த வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் ஆட்கொணர்வு மனுக்களுக்கு நெறிமுறைகள் வகுத்தபோது, ஆலோசனை வழங்குதல் என்ற பெயரில் ஒருவரின் விருப்பத்தை மாற்றிவிட முயலலாகாது என்றும் குறித்தது.

ஹாதியாவின் தந்தை 2023 டிசம்பரில் மீண்டும் கேரள உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்தார். மகளைக் காணவில்லை, தொலைபேசியிலும் எட்டவில்லை என்பது அவர் முறையீடு. இடைப்பட்ட ஆண்டுகளில் அப்பெண்ணின் இல்வாழ்வில் நேர்ந்த மாற்றங்கள் நாளேடுகளில் விரிவாக வந்தன. அவை நம் ஆராய்ச்சிக்குரியவை அல்ல, அன்று நீதிமன்றத்துக்கும் அவை உரியனவாகப் படவில்லை. காவல் துறையினர் அவரிடம் வாக்குமூலம் பெற்றனர். தம் விருப்பத்தின்படியே வாழ்வதாக அவர் கூறியிருந்தார். எவருடைய சட்டவிரோதத் தடுப்பிலும் அவர் இல்லை என்று கண்டு, நீதிபதிகள் அம்மாதத்திலேயே மனுவை முடித்து வைத்தனர்.